ஜேம்ஸ் ஆறும் ஜேம்ஸ் சிட்டி கவுண்டியும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில், ஆங்கிலேயர் 1607-ல் வந்து குடியேறிய ஜேம்ஸ்டவுன், வில்லியம்ஸ்பர்க் பக்கம் சுற்றிப் பார்க்கப் போகிறவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகள் இவை. ஆண்டுகளும் பெயர்களும் எந்தக் கையேட்டிலும் கிடைத்துவிடும். ஆறு எப்படிப்பட்டது, அதன் குணம் அங்கே வந்து இறங்கிய அந்த ஆங்கிலேயர்களை என்ன பாடு படுத்தியது என்பதுதான் அவற்றில் விடுபட்டுப் போகிறது. எனவே ஆற்றிலிருந்தே தொடங்குவோம்.

ஜேம்ஸ் ஆறு எங்கே தொடங்கி எங்கே முடிகிறது?

அப்பலாச்சியன் மலைப் பகுதியில் ஜாக்சன், கௌபாஸ்ச்சர் என்று இரண்டு ஆறுகள். அயர்ன் கேட் என்ற சிற்றூருக்குப் பக்கத்தில் இரண்டும் கூடுகின்றன. அந்த இடத்திலிருந்துதான் ஜேம்ஸ் என்ற பெயர். அங்கிருந்து ஏறத்தாழ 560 கி.மீ. ஓடுகிறது. ப்ளூ ரிட்ஜ் மலையை அறுத்துக்கொண்டு வெளியே வந்து, லிஞ்ச்பர்க், ரிச்மண்ட் நகரங்களைக் கடந்து, ஜேம்ஸ்டவுனைத் தொட்டு, ஹாம்ப்டன் ரோட்ஸ் என்ற அகன்ற துறைமுகப் பரப்பின் வழியாகச் செசபீக் விரிகுடாவில் சேர்கிறது. அதன் நீர்ப்பிடிப்புப் பகுதி சுமார் 27,000 சதுர கி.மீ. ஆறு ஓடுவது முழுக்க ஒரே மாநிலத்துக்குள் என்பதால் நம் ஊர் ஆறுகளைப் போல மாநிலத் தகராறு எதுவும் இல்லை.

வரைபடத்தில் ஒரே ஆறாகத் தெரிந்தாலும் நடைமுறையில் இது இரண்டு ஆறு. ரிச்மண்டுக்கு மேலே பாறையும் வேகமும். ரிச்மண்டுக்குள்ளேயே சுமார் 11 கி.மீ. தூரத்தில் 30 மீட்டர் இறங்கிவிடுகிறது. அதற்குக் கீழே கடல் வரைக்கும் 150 கி.மீ.க்கு மேல், சரிவே இல்லாத, அகன்ற, மந்தமான நீர்ப்பரப்பு. ஜேம்ஸ்டவுனில் நின்று பார்த்தால் எதிர்க்கரை தூரத்தில் ஒரு பச்சைக் கோடாகத்தான் தெரியும்.

கடலிலிருந்து அவ்வளவு தூரத்தில் இருக்கும் ரிச்மண்ட் வரை ஓதம் (கடல் நீரின் ஏற்றமும் வற்றமும்) ஏறுகிறதாமே, நிஜமா?

நிஜம்தான். கடந்த பனியுகம் முடிந்து கடல்மட்டம் உயர்ந்தபோது, பழைய ஆற்றுப் பள்ளத்தாக்குக்குள் கடல் புகுந்து நிரப்பிவிட்டது. இன்றைய கீழ் ஜேம்ஸ் என்பது மூழ்கிப்போன பள்ளத்தாக்கு. நாளுக்கு இருமுறை நீர் ஏறும், இருமுறை வற்றும். ரிச்மண்டில் கடினப் பாறை தொடங்குவதால் ஓதம் அங்கே நின்றுவிடுகிறது.

பாய்மரக் காலத்தில் இதற்கு மதிப்பு அதிகம். காற்று இல்லாவிட்டாலும் ஏறுகிற ஓதத்தோடு உள்ளே போகலாம், வற்றுகிற ஓதத்தோடு வெளியே வரலாம். 1607 மே மாதம் கரையிறங்கிய கிறிஸ்டோபர் நியூபோர்ட் என்ற கப்பல் தலைவர், சில நாட்களிலேயே படகில் அருவிப் பாறைகள் வரை போய், அங்கே ஒரு சிலுவையை நட்டுத் திரும்பினார். பசிபிக் கடலுக்கு வழி கிடைக்கும் என்ற நப்பாசை. பாறைதான் கிடைத்தது. கப்பல் நிற்கும் இடத்தில் சரக்கை இறக்கி ஏற்ற வேண்டும், அதற்கு ஆள் வேண்டும், கிட்டங்கி வேண்டும். அப்படித்தான் பின்னால் ரிச்மண்ட் நகரம் எழுந்தது.

ஜேம்ஸ் சிட்டி கவுண்டி என்பது நகரமா, மாவட்டமா?

மாவட்டம்தான். பெயரில் மட்டும் சிட்டி. 1634-ல் ஆங்கிலேயர்கள் தங்கள் காலனியை எட்டு ஷயர்களாக, அதாவது மாவட்டங்களாக, பிரித்தார்கள், அவற்றில் ஒன்று ஜேம்ஸ் சிட்டி ஷயர். ஜேம்ஸ்டவுனுக்கு அப்போது ஜேம்ஸ் சிட்டி என்றும் பெயர் இருந்தது. அந்த ஊர் கைவிடப்பட்டுவிட்டது, பெயர் மாவட்டத்திடம் தங்கிவிட்டது.

தெற்கே ஜேம்ஸ் ஆறு, மேற்கே அதன் கிளை ஆறான சிக்காஹோமினி, வடகிழக்கே யார்க் ஆறு. மூன்று பக்கமும் தண்ணீர் சூழ்ந்த சிறிய தீபகற்பத் துண்டு. 2020 கணக்கெடுப்பில் மக்கள்தொகை 78,254. இதில் ஒரு வேடிக்கை உண்டு. மாவட்டத் தலைமையிடம் வில்லியம்ஸ்பர்க், ஆனால் வில்லியம்ஸ்பர்க் இந்த மாவட்டத்தில் இல்லை. வர்ஜீனியாவில் நகரங்கள் எந்த மாவட்டத்துக்கும் கட்டுப்படாத தனி நிர்வாகங்கள். 1884 முதல் வில்லியம்ஸ்பர்க்கும் அப்படியே. நீங்கள் ஹோட்டலில் அறை எடுக்கும்போது முகவரியில் வில்லியம்ஸ்பர்க் என்று இருக்கும், வரி போவது ஜேம்ஸ் சிட்டி கவுண்டிக்காக இருக்கலாம்.

ஆங்கிலேயர் வரும் முன் ஆற்றங்கரையில் யார் இருந்தார்கள்?

அல்கோன்கியன் மொழி பேசிய மக்கள். தங்கள் நாட்டை அவர்கள் செனகொம்மாக்கா என்றார்கள். சுமார் 30 இனக்குழுக்களுக்கு மேல் தலைவராக இருந்தவர் வஹுன்செனகாவ். ஆங்கிலேயர்கள் அவரைப் பவ்ஹாட்டன் என்று அழைத்தார்கள், ஆற்றுக்கும் முதலில் அதே பெயர்தான் வழங்கியது. அப்புறம் தங்கள் அரசர் முதலாம் ஜேம்ஸின் பெயரைச் சூட்டிவிட்டார்கள். பவ்ஹாட்டனின் தலைநகரான வெரவோகொமோகோ இருந்தது ஜேம்ஸ் கரையில் அல்ல, வடக்கே யார்க் ஆற்றங்கரையில்.

இன்றைய ஜேம்ஸ் சிட்டி கவுண்டியின் ஆற்றோரம் பாஸ்பஹே மக்களின் நிலம். அவர்களுடைய ஊர் சிக்காஹோமினி ஆறு ஜேம்ஸில் கலக்கும் இடத்தருகே இருந்தது. கோடையில் மக்காச்சோளமும் பீன்ஸும், வசந்தத்தில் ஆற்று மீன், குளிர்காலத்தில் மான் வேட்டை என்று பருவத்துக்கேற்ப இடம் மாறி வாழ்ந்தார்கள். ஜேம்ஸ்டவுன் நிலத்தில் அவர்கள் நிரந்தரமாகக் குடியிருக்கவில்லை. ஆங்கிலேயர்கள் அதை ஆளில்லா நிலம் என்று எடுத்துக்கொண்டார்கள். அந்த மண்ணை நன்றாகத் தெரிந்தவர்கள் அங்கே ஏன் வீடு கட்டவில்லை என்று யாராவது கேட்டிருந்தால் நூற்றுக்கணக்கான உயிர்கள் பிழைத்திருக்கும்.

அப்படியானால் ஜேம்ஸ்டவுனுக்கு அந்த இடத்தை ஏன் தேர்ந்தெடுத்தார்கள்?

கப்பல்காரர்களின் கண்ணால் பார்த்தார்கள், குடியானவர்களின் கண்ணால் பார்க்கவில்லை. 1607 மே 14 அன்று சூசன் கான்ஸ்டன்ட், காட்ஸ்பீட், டிஸ்கவரி என்ற மூன்று கப்பல்களில் வந்த 104 ஆண்களும் சிறுவர்களும் அங்கே இறங்கினார்கள். அவர்களை அனுப்பிய, லண்டனில் இருந்த வர்ஜீனியா கம்பெனி கொடுத்தனுப்பிய அறிவுரை: ஸ்பானியர்களின் பீரங்கிக்கு எட்டாத தூரம் உள்ளே போங்கள், கப்பல் கரையை ஒட்டி நிற்கும் இடமாகப் பாருங்கள். இந்த இடம் விரிகுடாவின் வாயிலிருந்து 50 கி.மீ.க்கு மேல் உள்ளே இருந்தது. ஆற்றின் ஆழமான தடம் கரையை உரசிக்கொண்டு போனது, கப்பலை மரத்திலேயே கட்டிவிடலாம். ஒரு குறுகிய நிலத்துண்டால் மட்டுமே பெருநிலத்தோடு ஒட்டியிருந்ததால் காவலும் எளிது.

குடிக்கத் தண்ணீர்? அதுதான் இல்லை. அந்த இடத்தில் நல்ல ஊற்று கிடையாது. வசந்தத்தில் மலையிலிருந்து வெள்ளம் வரும்போது ஆற்று நீர் ஓரளவு நன்னீராக இருக்கும். அவர்கள் வந்து இறங்கியதும் அந்தப் பருவத்தில்தான். கோடை ஏறியதும் நீர்வரத்து குறைந்து, கடலின் உவர்நீர் ஆற்றில் மேலேறி ஜேம்ஸ்டவுன் பக்கம் வந்து நின்றுவிடும். உப்பும் நன்னீரும் முட்டும் அந்த இடத்தில் கழிவு அடித்துக்கொண்டு போகாது. காலையில் கீழே போனது மாலையில் ஓதத்தோடு திரும்பி வரும். ஏற்றத்தில் கரிப்பு, வற்றத்தில் சேறும் அழுக்கும் என்று அங்கிருந்த ஜார்ஜ் பெர்சி எழுதி வைத்திருக்கிறார். சீதபேதி, டைபாய்டு, உப்பு நீரால் வந்த உபாதை எல்லாம் சேர்ந்து ஆகஸ்ட், செப்டம்பரில் ஆட்களை வாரிக்கொண்டு போயின. 1608 ஜனவரியில் நியூபோர்ட் அடுத்த கப்பலோடு வந்தபோது உயிரோடு இருந்தவர்கள் 38 பேர்.

இத்தோடு வறட்சி வேறு. தென்கிழக்கு வர்ஜீனியாவின் சதுப்புகளில் நிற்கும் மிகப் பழைய சைப்ரஸ் மரங்களின் ஆண்டு வளையங்களை ஆராய்ந்தவர்கள் 1998-ல் ஒரு முடிவை வெளியிட்டார்கள். 1606 முதல் 1612 வரையிலான ஏழு ஆண்டுகள், 770 ஆண்டுகளில் மிக வறண்ட ஏழாண்டுக் காலம். மழை இல்லாவிட்டால் ஆற்றில் உப்பு இன்னும் மேலே ஏறும், பழங்குடிகளின் சோளமும் விளையாது. தங்களுக்கே போதாத தானியத்தைக் கேட்டு வந்து நின்ற அந்நியர்களோடு அவர்களுக்குச் சண்டை மூண்டதில் வியப்பு என்ன இருக்கிறது?

பட்டினிக் காலம் என்கிறார்களே, அது?

1609–10 குளிர்காலம். பவ்ஹாட்டனின் ஆட்கள் கோட்டையை முற்றுகையிட்டுவிட்டார்கள். உணவும் தலைமையும் கொண்டு வர வேண்டிய சீ வென்ச்சர் கப்பல் புயலில் சிக்கிப் பெர்முடாவில் கரை தட்டிவிட்டது. இலையுதிர் காலத்தில் சுமார் 300 பேர் இருந்த இடத்தில் வசந்தத்தில் மிஞ்சியவர்கள் ஏறத்தாழ 60. குதிரை, நாய், எலி, தோல் வரைக்கும் தின்றார்கள். மனித உடலையும் தின்றார்கள் என்று பழைய குறிப்புகள் சொன்னதைப் பலர் நம்பாமலே இருந்தார்கள். 2013-ல், சுமார் 14 வயதுப் பெண் ஒருத்தியின் மண்டையோட்டில் இருந்த வெட்டுத் தடங்களை ஆய்வாளர்கள் வெளியிட்ட பிறகு அந்த விவாதம் அடங்கிவிட்டது.

1610 ஜூன் 7 அன்று எல்லோரும் கோட்டையைக் கைவிட்டுக் கப்பலேறிவிட்டார்கள். மறுநாள் ஆற்றின் கீழ்ப்பகுதியில் எதிரே ஒரு படகு வந்தது. புதிய ஆளுநர் டி லா வார் பிரபு ஆட்களோடும் உணவோடும் வந்துகொண்டிருக்கிறார் என்ற செய்தி. திரும்பி வந்தார்கள். ஆங்கில அமெரிக்காவின் கதை ஒரு நாள் இடைவெளியில் வேறு மாதிரி போயிருக்கும் என்று சொல்வது மிகையல்ல. அந்த ஆகஸ்டிலேயே பெர்சியின் படை பாஸ்பஹே ஊரைக் கொளுத்திச் சோளத்தை வெட்டிச் சாய்த்தது. தலைவரின் மனைவியையும் குழந்தைகளையும் கொன்றார்கள். பாஸ்பஹே மக்கள் அதன் பிறகு தங்கள் ஊரில் நிலைக்கவில்லை.

போகஹோன்டாஸ் கதை உண்மையா?

ஆள் உண்மை, பவ்ஹாட்டனின் மகள். ஜேம்ஸ்டவுன் தலைவர்களில் ஒருவரான ஜான் ஸ்மித்தோடு காதல் என்பது கற்பனை. அவரைச் சந்தித்தபோது அவளுக்கு வயது சுமார் 11. ஆங்கிலேயர்கள் அவளைப் பிணையாகப் பிடித்து வைத்தார்கள். 1614-ல் ஜான் ரால்ஃப் என்ற குடியேறியவரை மணந்தாள், 1616-ல் இங்கிலாந்து போனாள், 1617 மார்ச்சில் ஊர் திரும்பும் வழியில் கிரேவ்ஸெண்டில் இறந்தாள். இதைவிடக் காலனியின் போக்கை மாற்றியது அவள் கணவர் நட்ட செடி.

புகையிலைக்கும் ஆற்றுக்கும் என்ன சம்பந்தம்?

எல்லாச் சம்பந்தமும் உண்டு. வர்ஜீனியாவின் நாட்டுப் புகையிலை காரமாக இருக்கும், லண்டனில் விலை போகாது. ரால்ஃப் 1612 வாக்கில் கரீபியன் பக்கத்து விதையை வரவழைத்துப் போட்டுப் பார்த்தார். பிடித்துக்கொண்டது. 1617-ல் 20,000 பவுண்டு எடை புகையிலை கப்பலேறியது, அடுத்த பத்தாண்டில் அது லட்சங்களைத் தொட்டது. இத்தனைக்கும் ஆற்றுக்குப் பெயர் கொடுத்த அரசர் ஜேம்ஸ், புகையிலையைத் திட்டி 1604-ல் ஒரு சிறு நூலே எழுதியவர். சுங்க வரி வரத் தொடங்கியதும் அந்த வெறுப்பு நடைமுறையில் கரைந்துவிட்டது.

ஆறு இங்கே செய்த வேலையைக் கவனியுங்கள். கீழ் ஜேம்ஸ் அகலமும் ஆழமும் கொண்டது, கிளை ஓடைகளிலும் ஓதம் ஏறும். கடலோடும் கப்பல் ஒவ்வொரு பண்ணையின் படித்துறைக்கும் நேராக வந்துவிடும். பீப்பாயில் அடைத்த புகையிலையை உருட்டி ஏற்றினால் லண்டனில்தான் இறக்கம். துணியும் இரும்புச் சாமானும் அதே படித்துறையில் வந்து இறங்கும். நடுவே சந்தை நகரம் எதற்கு? அதனால்தான் நூறு ஆண்டுகள் ஆகியும் ஜேம்ஸ் கரையில் பெரிய ஊரே எழவில்லை. நகரம் அமையுங்கள் என்று லண்டனிலிருந்து எத்தனையோ உத்தரவு வந்தது, காகிதத்தோடு சரி.

புகையிலை சில ஆண்டுகளில் மண்ணின் சத்தை உறிஞ்சிவிடும். புது நிலம் வேண்டும், ஆற்றோரமாகவே வேண்டும். கடல்கடந்து ஓர் ஆளைச் செலவு செய்து கொண்டு வருபவருக்குத் தலைக்கு 50 ஏக்கர் என்று 1618-ல் ஒரு முறை கொண்டு வந்தார்கள். வந்த ஆள் நான்கு முதல் ஏழு ஆண்டு சம்பளமில்லாமல் உழைக்க வேண்டும், நிலமோ அவரைக் கொண்டு வந்தவருக்கு. ஒப்பந்தக் கூலிகளின் வரலாறு தெரிந்த தமிழர்களுக்கு இந்த ஏற்பாடு புதிதாகத் தெரியாது.

1619 என்ற ஆண்டை ஏன் எல்லோரும் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள்?

ஒரே கோடையில் இரண்டு சம்பவங்கள். ஜூலை 30 அன்று ஜேம்ஸ்டவுன் தேவாலயத்தில் காலனியின் முதல் பேரவை கூடியது. ஆங்கில அமெரிக்காவில் மக்கள் பிரதிநிதிகள் கூடிய முதல் சபை அது. ஆகஸ்ட் கடைசியில் ஆற்றின் வாயில் இருக்கும் பாயின்ட் கம்ஃபர்ட்டில் வைட் லயன் என்ற கொள்ளைக் கப்பல் வந்து நின்றது. அங்கோலாவிலிருந்து போர்த்துக்கீசிய அடிமைக் கப்பலில் ஏற்றப்பட்டு, நடுக்கடலில் பறிக்கப்பட்ட இருபதுக்குச் சற்று மேற்பட்ட ஆப்பிரிக்கர்கள் அதில் இருந்தார்கள். உணவுப் பொருளுக்கு மாற்றாக அவர்களை விற்றார்கள். சில நாள் கழித்து ட்ரெஷரர் என்ற கப்பலும் அதே சரக்கோடு வந்தது. அதில் வந்த ஆஞ்செலா என்ற பெண்ணின் பெயர் 1625 கணக்கெடுப்பில் ஜேம்ஸ்டவுனில் ஒரு வீட்டுப் பணியாளாகப் பதிவாகியிருக்கிறது.

அடிமை முறை ஒரே நாளில் சட்டமாகிவிடவில்லை, படிப்படியாக இறுகியது. 1662-ல் வந்த சட்டம் தாய் அடிமையானால் பிள்ளையும் அடிமை என்றது. 1705-ல் தனித்தனிச் சட்டங்களை எல்லாம் தொகுத்து ஒரே அடிமைச் சட்டமாக்கினார்கள். இன்று சுற்றுலாப் பயணிகள் படம் பிடிக்கும் ஆற்றோர மாளிகைகள் அந்த உழைப்பில் எழுந்தவை.

பழங்குடிகள் எதிர்க்கவில்லையா?

எதிர்த்தார்கள். புகையிலைப் பண்ணைகள் ஆற்றின் இரு கரையிலும் நெடுக நீண்டபோது அவர்களுடைய வயலும் மீன்துறையும் போயின. 1622 மார்ச் 22 அன்று, பவ்ஹாட்டனுக்குப் பின் அதிகாரத்துக்கு வந்த ஒபெசான்கனோ பல பண்ணைகளை ஒரே காலையில் தாக்கினார். 347 குடியேறிகள் இறந்தார்கள். ஜேம்ஸ் சிட்டி கவுண்டிக்குள் இருக்கும் மார்ட்டின்ஸ் ஹண்ட்ரட் பண்ணைதான் மிக மோசமாக அடி வாங்கியது. கூட்டமாக ஊருக்குள் இருக்காமல் படித்துறைக்கு ஒரு வீடு என்று சிதறி இருந்தது தாக்கியவர்களுக்கு வசதியாகிவிட்டது. இரண்டு ஆண்டில் வர்ஜீனியா கம்பெனியின் உரிமம் பறிக்கப்பட்டு, 1624 முதல் காலனி நேரடியாக அரசரின் கைக்குப் போனது.

1644-ல் மறுபடியும் ஒரு பெரும் தாக்குதல். தள்ளாத வயதில் ஒபெசான்கனோவைப் பிடித்து ஜேம்ஸ்டவுன் சிறையில் வைத்திருந்தபோது ஒரு காவலாள் சுட்டுக் கொன்றான். 1646 ஒப்பந்தத்தோடு யார்க், ஜேம்ஸ் ஆறுகளுக்கு இடைப்பட்ட நிலம் அவர்கள் கையைவிட்டுப் போயிற்று. அந்த ஒப்பந்தப்படி கட்ட வேண்டிய திறையைப் பமங்கி, மட்டபோனி மக்கள் இன்றும் ஒவ்வோர் ஆண்டும் நவம்பரில் மானைக் கொண்டுவந்து மாநில ஆளுநரிடம் கொடுத்துச் செலுத்துகிறார்கள். அவர்கள் தங்கள் பக்க வார்த்தையைக் காப்பாற்றியிருக்கிறார்கள். சிக்காஹோமினி உட்பட ஆறு இனக்குழுக்களுக்கு மத்திய அரசின் அங்கீகாரம் 2018 ஜனவரியில்தான் வந்தது.

தலைநகரம் ஏன் ஜேம்ஸ்டவுனை விட்டுப் போனது?

எரிந்து எரிந்து அலுத்துவிட்டது. 1676-ல் ஆளுநர் பெர்க்லிக்கு எதிராகக் கிளம்பிய நத்தானியேல் பேக்கன், செப்டம்பர் 19 அன்று ஜேம்ஸ்டவுனைக் கொளுத்தினார். எல்லைப்புறத்தில் பழங்குடிகள்மீது போர் தொடுக்க ஆளுநர் அனுமதிக்கவில்லை என்பது அவருடைய ஆத்திரம். ஒரு மாதம் கழித்து அவரே சீதபேதியில் செத்தார். பேக்கனின் படையில் வெள்ளை ஒப்பந்தக் கூலிகளும் கறுப்பர்களும் ஒன்றாக நின்றது பண்ணையார்களைக் கலங்க வைத்தது. 1698-ல் அரசு மாளிகை மறுபடியும் தீப்பிடித்தது.

1699-ல் தலைநகரை உள்ளே, மிடில் பிளான்டேஷன் என்ற மேட்டு நிலத்துக்கு மாற்றி வில்லியம்ஸ்பர்க் என்று பெயர் வைத்தார்கள். ஒரு பக்க ஓடை ஜேம்ஸுக்கும் மறுபக்க ஓடை யார்க்குக்கும் இறங்கும் நீர்ப்பிரிமேடு அது. கொசு குறைவு, கிணற்று நீர் நன்றாக இருந்தது. வில்லியம் அண்டு மேரி கல்லூரி 1693 முதலே இருந்தது. அமெரிக்க விடுதலைப் போர் நடந்துகொண்டிருந்த 1780-ல் தலைநகரம் மறுபடி இடம் மாறி, ஓதம் நிற்கும் ரிச்மண்டுக்குப் போனது. ஆற்றில் மேலே போனால் பாதுகாப்பு என்று நினைத்தார்கள். 1781 ஜனவரியிலேயே பெனடிக்ட் ஆர்னால்ட் பிரிட்டிஷ் படையோடு ஆற்றில் கப்பல் விட்டு வந்து ரிச்மண்டைக் கொளுத்திவிட்டுப் போனார்.

இந்த ஆற்றுக்கும் நம் பக்கத்துக்கும் ஏதாவது தொடர்பு உண்டா?

நினைப்பதைவிட அதிகம். இதைச் சுற்றுலா வழிகாட்டிகள் சொல்வதே இல்லை. லண்டனில் கிழக்கிந்தியக் கம்பெனி 1600-ல் தொடங்கியபோது அதன் முதல் தலைவர் தாமஸ் ஸ்மித். 1609 முதல் 1619 வரை வர்ஜீனியா கம்பெனியை நடத்திய பொருளாளரும் அதே ஸ்மித்தான். மிளகுக்கும் புகையிலைக்கும் பணம் போட்டவர்கள் பலர் ஒரே வட்டத்து வியாபாரிகள்.

ஆட்களும் அப்படியே. 1607-ல் மூன்று கப்பல்களைக் கொண்டுவந்த நியூபோர்ட், பின்னர் கிழக்கிந்தியக் கம்பெனியில் சேர்ந்து 1617-ல் ஜாவாவின் பந்தமில் இறந்தார். அதைவிட சுவாரசியமானவர் தாமஸ் டேல். 1611-ல் வர்ஜீனியாவுக்கு வந்து, ராணுவச் சட்டம் போட்டுக் காலனியை நிமிர்த்தியவர். உணவு திருடியவனை மரத்தில் கட்டிப் பட்டினி போட்டுக் கொன்ற ஆட்சி அது. 1616-ல் போகஹோன்டாஸ் பயணம் செய்த ட்ரெஷரர் கப்பலில்தான் அவரும் இங்கிலாந்து திரும்பினார். அப்புறம் கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பற்படைக்குத் தலைவராகி, ஜாவா கடலில் டச்சுக்காரர்களோடு மோதிவிட்டு, சோழமண்டலக் கரைக்கு வந்து சேர்ந்தார். மசூலிப்பட்டினத்தில் காய்ச்சலில் விழுந்து 1619 ஆகஸ்டில் இறந்தார். ஜேம்ஸ்டவுனில் முதல் பேரவை கூடிக் கலைந்த அதே மாதம்.

எதிர்த் திசையில் போனவர்களும் உண்டு. 1635-ல் ஜார்ஜ் மெனிஃபி என்ற ஜேம்ஸ்டவுன் வியாபாரி, தலைக்கு 50 ஏக்கர் கேட்டுக் கொடுத்த பட்டியலில் ‘டோனி, கிழக்கிந்தியன்’ என்று ஒரு பெயர் இருக்கிறது. அமெரிக்கக் காலனிகளின் பதிவேட்டில் நம் பக்கத்து ஆள் ஒருவர் தென்படும் மிகப் பழைய இடங்களில் இது ஒன்று.

கடைசியாக, அதே விடுதலைப் போரில் பிரிட்டிஷ் தளபதியாக இருந்த காரன்வாலிஸ். 1781 ஜூலை 6 அன்று ஜேம்ஸ் சிட்டி கவுண்டியின் கிரீன் ஸ்பிரிங்கில், ஆற்றைக் கடக்கப் போவதுபோல் போக்குக் காட்டி அமெரிக்கப் படையைச் சிக்க வைத்து வென்றார். மூன்று மாதம் கழித்து, பக்கத்து யார்க்டவுனில், செசபீக் வாயைப் பிரெஞ்சுக் கப்பல்கள் அடைத்துவிட்டதால் வேறு வழியில்லாமல் சரணடைந்தார். அவமானத்தோடு முடிந்த உத்தியோகம் என்று நினைப்போம். 1786-ல் அவரைத் தலைமை ஆளுநராக்கி இந்தியாவுக்கு அனுப்பினார்கள். 1792-ல் திப்பு சுல்தானிடமிருந்து திண்டுக்கல்லையும் பாராமகாலையும் (இன்றைய தருமபுரி, கிருஷ்ணகிரி பக்கம்) பிடுங்கியது அவர்தான். சென்னை ஜார்ஜ் கோட்டை அருங்காட்சியகத்தில் நிற்கும் பெரிய பளிங்குச் சிலை அவருடையது. பீடத்தில், திப்புவின் பிள்ளைகளைப் பிணையாக ஒப்படைக்கும் காட்சி செதுக்கியிருக்கும். யார்க்டவுன் காட்சி இருக்காது.

பழைய கோட்டையை ஆறு தின்றுவிட்டதாமே?

இரண்டு நூற்றாண்டுகள் எல்லோரும் அப்படித்தான் நம்பினார்கள். கரை அரிப்பில் அந்தக் குறுகிய நிலத்துண்டு போய், ஜேம்ஸ்டவுன் தீவாகவே ஆகிவிட்டது. 1901-ல் கரைச்சுவர் கட்டி அரிப்பை நிறுத்தினார்கள். 1994-ல் வில்லியம் கெல்சோ என்ற தொல்லியலாளர் தோண்டத் தொடங்கி, முக்கோணக் கோட்டையின் மரச்சுவர் நின்ற தடத்தைக் கண்டுபிடித்தார். ஒரு மூலை தவிர மற்றதெல்லாம் நிலத்துக்கு அடியில் பத்திரமாக இருந்தது.

இப்போதைய கவலை வேறு. கடல் ஏறுகிறது, வர்ஜீனியாக் கரையோர நிலமும் மெல்ல அமிழ்கிறது. தாழ்வான தீவில் மழை பெய்தால் நீர் தேங்குகிறது, நிலத்தடி நீர் மேலே வருகிறது. 2022-ல் அமெரிக்காவின் மிக ஆபத்துக்குள்ளான 11 வரலாற்று இடங்கள் பட்டியலில் ஜேம்ஸ்டவுனைச் சேர்த்தார்கள்.

ஆறு இப்போது சுத்தமாக இருக்கிறதா?

முன்னைக்குப் பரவாயில்லை. ஹோப்வெல் நகரத்தில் தயாரான கெபோன் என்ற பூச்சிமருந்து ஆற்றில் கலந்தது 1975-ல் வெளியே வந்து, மீன்பிடிக்கத் தடை போட்டார்கள். தடை முழுதும் நீங்க 1988 ஆயிற்று. நச்சு இன்னமும் அடிச்சேற்றில் இருக்கிறது, மேலே புதுச் சேறு படிந்து மூடியிருப்பதால் பிழைத்தோம். முதல் குடியேறிகளின் வயிற்றைக் கழுவிய ஸ்டர்ஜன் மீன், அற்றுப்போகும் நிலைக்குப் போய், இப்போது மறுபடி முட்டையிட ஆற்றில் ஏறுகிறது. இலையுதிர் காலத்தில் ஆள் உயரத்துக்கு மேல் நீண்ட மீன் தண்ணீரிலிருந்து துள்ளி விழுவதைப் பார்க்கலாம்.

ஒரே நாள்தான் இருக்கிறது. எங்கே போவது?

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்ளுங்கள். ஹிஸ்டாரிக் ஜேம்ஸ்டவுன் என்பது அசல் இடம், கோட்டைத் தடமும் அகழாய்வுக் குழிகளும் இருப்பது. ஜேம்ஸ்டவுன் செட்டில்மென்ட் என்பது பக்கத்திலேயே உள்ள அருங்காட்சியகம், மூன்று கப்பல்களின் மாதிரிகள் இருப்பது. இரண்டுக்கும் தனித்தனி நுழைவுச்சீட்டு. குழந்தைகளோடு போனால் இரண்டாவது, இல்லாவிட்டால் முதலாவது.

காலையில் அதை முடித்துவிட்டு, காரோடு ஜேம்ஸ்டவுன்–ஸ்காட்லாந்து படகில் ஏறுங்கள் (ஸ்காட்லாந்து என்பது அக்கரைச் சிற்றூர்). 1925-ல் தொடங்கிய சேவை, இருபத்து நான்கு மணி நேரமும் ஓடுகிறது, கட்டணம் இல்லை. அக்கரை போக ஏறத்தாழ கால் மணி நேரம். ஆற்றின் அகலமும், கப்பல்காரர்கள் ஏன் அந்தக் கரையைப் பார்த்து மயங்கினார்கள் என்பதும் படகின் மேல்தட்டில் நின்றால் புரிந்துவிடும். திரும்பி வந்து, யார்க்டவுன் வரை போகும் 37 கி.மீ. நீளமுள்ள கொலோனியல் பார்க்வே சாலையில், விளம்பரப் பலகை ஒன்றுகூட இல்லாமல், ஜேம்ஸ் கரையிலிருந்து யார்க் கரைக்குப் போய்விடலாம். வில்லியம்ஸ்பர்க் நடுவழியில் வருகிறது, மாலையை அங்கே வைத்துக்கொள்ளுங்கள். ஜூலை, ஆகஸ்ட் என்றால் வெயிலும் புழுக்கமும் சென்னையை நினைவூட்டும். கொசு மருந்தும், முக்கியமாகக் குடிதண்ணீரும் கையில் இருக்கட்டும்.